நுரையீரலைச் சுற்றி நீர் கோத்தல்: காரணம் அறிவதே சிகிச்சை

“நுரையீரலில் நீர் கோத்துக்கொண்டது” என்பது பேச்சு வழக்கு. உண்மையில் அந்த நீர் நுரையீரலுக்கு வெளியே, அதைச் சூழ்ந்துள்ள மெல்லிய ஈரடுக்கு உறைக்கு நடுவே தேங்குகிறது. உடல்நலம் உள்ளவர்க்கும் அங்கு ஒவ்வொரு பக்கமும் ஏறத்தாழ இரண்டு தேக்கரண்டி நீர் உண்டு. மூச்சு விடும்போது அடுக்குகள் உராயாமல் நழுவ அது உதவுகிறது. நீர் ஊறும் அளவு மிகும்போதோ, வடியும் வழி தடைப்படும்போதோ தேக்கம் உண்டாகிறது. நுரையீரல் விரிய இடமின்றி மூச்சுத் திணறல், வறட்டு இருமல், மூச்சை இழுக்கையில் விலாவில் குத்தும் வலி ஆகியவை தோன்றுகின்றன.

எவ்வாறு கண்டறிகிறோம்?

முதுகை விரலால் தட்டும்போது, நீர் உள்ள பகுதி நிறைகுடம் போல் மந்தமாக ஒலிக்கும். நிற்கவைத்து எடுக்கும் எக்ஸ்ரேயில் நீர் தெளிவாகப் புலப்பட, ஏறத்தாழ 200 மி.லி. சேர்ந்திருக்க வேண்டும். அதற்குக் குறைவான நீரையும், ஊசி செலுத்த ஏற்ற இடத்தையும் அல்ட்ராசவுண்ட் ஸ்கேன் காட்டிவிடும்.

ஊசி மூலம் நீர் எடுத்தல்

நோயாளியை மேசைமீது சற்றே சாய்ந்து அமரச் செய்து, முதுகுப் புறத்தில் மரத்துப்போகும் மருந்து செலுத்திய பின்னரே நீர் எடுக்கிறோம். இரத்தம் உறையாதிருக்க மாத்திரை உட்கொள்பவர்கள் அதை முன்னதாகவே தெரிவிக்க வேண்டும். பொதுவாக ஒரே அமர்வில் ஒன்றரை லிட்டருக்கு மேல் எடுப்பதில்லை. நெடுநாள் சுருங்கியிருந்த நுரையீரல் திடீரென விரிந்தால் அதற்குள்ளேயே நீர் கசியக்கூடும். ஆகவே, “முழுவதையும் எடுக்கவில்லையே” என்று கவலை கொள்ள வேண்டாம்.

“ஒருமுறை ஊசி போட்டால் மீண்டும் மீண்டும் நீர் சேரும்” என்று பலர் அஞ்சுகின்றனர். நீர் மீண்டும் சேர்வது ஊசியால் அன்று. அடிப்படை நோய் தீராமையால்.

நீர் சொல்லும் செய்தி

எடுத்த நீரிலுள்ள புரதத்தையும் எல்.டி.எச். என்னும் நொதியையும் இரத்தத்தில் உள்ளவற்றோடு ஒப்பிடுகிறோம். 1972இல் மருத்துவர் ரிச்சர்ட் லைட் வகுத்த இம்முறை இன்றும் பயன்படுகிறது. புரதம் குறைந்த நீர் பெரும்பாலும் இதயம், கல்லீரல், சிறுநீரகக் கோளாறுகளால் வருவது. இதயத் தளர்ச்சியே காரணம் என்பது தெளிவானால், நீர் பிரிய மாத்திரையும் உப்புக் குறைத்த உணவுமே பலருக்குப் போதும். ஊசியே தேவைப்படாமலும் போகலாம்.

புரதம் மிகுந்த நீர், நிமோனியா, காசநோய், புற்றுநோய் போன்றவற்றை நினைவூட்டுகிறது. நிமோனியாவில் நீர் சீழாக மாறினால் குழாய் பொருத்தி வடிக்க வேண்டும். புற்றுநோயால் நீர் மீண்டும் மீண்டும் சேர்ந்தால், டால்க் மருந்தால் ஈரடுக்குகளையும் ஒட்டவைக்கலாம்; அல்லது வீட்டிலேயே நீரை வடிக்க மெல்லிய குழாய் பொருத்தலாம்.

காசநோயில் கூடுதல் கவனம்

நம் நாட்டில் இளம் வயதினரிடம் நாங்கள் அடிக்கடி காணும் காரணம் காசநோய். நீரில் கிருமிகள் மிகக் குறைவாகவே இருப்பதால், “கிருமி காணப்படவில்லை” என்னும் முடிவு மட்டும் நோய் இல்லை என்பதற்குச் சான்றாகாது. ஏ.டி.ஏ. அளவு, உயிரணு வகை, சளிப் பரிசோதனை, தேவைப்பட்டால் உறையின் திசுப் பரிசோதனை ஆகியவற்றைச் சேர்த்தே முடிவு செய்கிறோம்.

சிகிச்சைக் காலம் வழக்கமாக 6 மாதங்கள். காய்ச்சலும் மூச்சுத் திணறலும் சில வாரங்களிலேயே குறைந்துவிடும். பலர் மருந்தை நிறுத்துவது அப்போதுதான். சிகிச்சையே இல்லாமலும் இந்நீர் சில சமயம் தானாக வற்றுவதுண்டு. ஆனால் ஓரிரு ஆண்டுகள் கழித்து நோய் நுரையீரலையே தாக்கலாம். நீர் வற்றுவது வேறு, நோய் தீர்வது வேறு. அரசு மருத்துவமனைகளில் காசநோய் மருந்துகள் இலவசமாகவே கிடைக்கின்றன.

குடும்பத்தினர் கவனத்திற்கு

நீர் எடுத்த பின் பின்வருவன தோன்றினால் உடனே அவசர சிகிச்சைப் பிரிவுக்கு அழைத்து வாருங்கள்:

1. மூச்சுத் திணறல் மிகுதல்
2. திடீரென நெஞ்சு வலி அல்லது விடாத இருமல்
3. சளியில் இரத்தம்
4. குளிர் காய்ச்சல்
5. ஊசி போட்ட இடத்தில் இரத்தக் கசிவு அல்லது வீக்கம்

வீடு திரும்பும் முன், “நீர் ஏன் சேர்ந்தது?” என்று எங்களிடம் கேளுங்கள். பரிசோதனை முடிவுகள் வர நாளாகும் எனில், அவற்றைப் பெற்றுக்கொள்ள எந்நாளில் வரவேண்டும் என்பதைக் குறித்துக்கொண்டு செல்லுங்கள்.