கினபாலு உச்சியில் சூடம் ஏற்றலாமா?

மலை என்றால் நமக்கு முதலில் முருகன் ஞாபகம்தான் வரும். தொல்காப்பியம் குறிஞ்சி நிலத்துக்குச் சேயோனைத் தெய்வமாகச் சொல்கிறது. அதனால்தான் கினபாலு ஏறப் புறப்படும் நம் பிள்ளைகள் சிலர், "அண்ணா, உச்சியில சூடம் ஏத்தலாமா? சின்னதா ஒரு வேல் வச்சிட்டு வரலாமா?" என்று என்னிடம் கேட்கிறார்கள். கேள்வியில் பக்தி இருக்கு. ஆனாலும் வேண்டாம் என்றுதான் சொல்வேன். ஏன் என்பதுதான் இந்த மாதப் பாடம்.

சபாவில் இருக்கும் கினபாலுவின் உயரம் 4,095 மீட்டர். 1964இல் பூங்காவாக அறிவிக்கப்பட்டு, 2000இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. உச்சிக்கு லோ சிகரம் என்று பெயர். ஹியூ லோ என்ற பிரிட்டிஷ் அதிகாரி 1851இல் மேலே போனார். ஆனால் மிக உயர்ந்த அந்த முனையை அவர் தொடவில்லை. 1888இல் அதில் ஏறியவர் ஜான் ஒயிட்ஹெட். பெயர் ஒருவருக்கு, உச்சி இன்னொருவருக்கு!

இந்த இருவருக்கும் முன்பே அந்த மலைக்குச் சொந்தக்காரர்கள் இருந்தார்கள். கடசான் டூசுன் மக்கள் அதை அக்கி நபாலு என்று சொல்வார்கள். அவர்கள் நம்பிக்கையில் அது இறந்துபோன முன்னோர்களின் ஆவி தங்கும் இடம். நாம் அமாவாசையில் யாருக்குத் தர்ப்பணம் கொடுக்கிறோமோ, அந்த உறவு மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். முற்காலத்தில் மலையேறுமுன் கோழி, முட்டை, வெற்றிலை, பாக்கு வைத்து மோனோலோப் என்ற சடங்கு செய்து அனுமதி கேட்பார்கள். இன்று அதை ஆண்டுக்கு ஒருமுறை செய்கிறார்கள். பலியிடுவது நமக்கு ஒத்துவராமல் போகலாம். அதற்காக முகம் சுளிக்க வேண்டாம், நம் கிராமக் கோயில்களிலும் அது உண்டு.

2015 மே 30 அன்று சில வெளிநாட்டுச் சுற்றுலாப் பயணிகள் மலைமேல் ஆடை களைந்து படம் எடுத்தார்கள். ஜூன் 5 காலையில் ரிக்டர் அளவில் சுமார் 6 உள்ள நிலநடுக்கம். பாறை சரிந்து 18 பேர் இறந்தார்கள். அவர்களில் சிங்கப்பூர்ப் பள்ளிப் பிள்ளைகளும் இருந்தார்கள், மலை வழிகாட்டிகளும் இருந்தார்கள். ஊரார் பலர், மலை கோபித்துக்கொண்டது என்றார்கள். நால்வருக்கு நீதிமன்றம் மூன்று நாள் சிறையும் 5,000 ரிங்கிட் அபராதமும் விதித்தது.

இதைப் படித்துச் சிரித்தவர்களும் உண்டு. நான் இரண்டையும் பிரித்துப் பார்க்கிறேன். பூமிக்கடியில் பாறை நகர்ந்ததால் நிலம் நடுங்கியது, அது நிலவியல். அந்தப் பிள்ளைகளின் சாவை யாருடைய பாவக்கணக்கிலும் எழுத எனக்கு மனம் வரவில்லை. ஆனால் நிலம் நடுங்காமலே இருந்திருந்தாலும், அங்கே நடந்தது அவமதிப்புதான். நம் கருவறையில் ஒருவன் அப்படி நின்றால், பூகம்பம் வந்தால்தான் தப்பு என்போமா?

இப்போது சூடத்துக்கு வருவோம். நாம் அவமதிக்கப் போகவில்லை, கும்பிடத்தான் போகிறோம், நிஜம்தான். ஆனால் இன்னொருவர் பூஜையறையில் நம் சாமி படத்தைக் கேட்காமல் மாட்டுவதும் சரியில்லையே. கயிலாயத்தையே நாம் ஏறுவதில்லை, சுற்றித்தான் வருகிறோம். தவிர, பூங்காவில் நெருப்பு வைப்பதும் பொருளை விட்டுவருவதும் கூடாது. வேண்டுமென்றால் மனசுக்குள் திருப்புகழ் சொல்லிக்கொண்டே ஏறுங்கள். மூச்சு இருந்தால்!

மூச்சு வாங்கும், அதையும் சொல்லிவிடுகிறேன். 1,866 மீட்டரில் உள்ள திம்போஹோன் வாசலில் தொடங்கி, 3,272 மீட்டரில் லாபான் ராத்தாவில் படுத்து, விடிவதற்கு வெகு முன்பே எழுந்து நடக்க வேண்டும். வழிகாட்டி இல்லாமல் யாரையும் விடமாட்டார்கள். அவர்களில் பலர் அந்த மலையடிவாரத்து டூசுன் பிள்ளைகள். தலைவலி, வாந்தி வந்தால் அவர்களிடம் மறைக்காமல் சொல்லுங்கள். திரும்பு என்றால் திரும்புங்கள். ஓய்வெடுக்கும்போது அக்கி நபாலு பற்றி மரியாதையாகக் கேட்டுப் பாருங்கள். லாபான் ராத்தாவில் படுக்கைகள் குறைவு, அதனால் பல மாதம் முன்பே பதிந்து வையுங்கள்.