வெடிச் சத்தத்துக்கு ஹெட்போன் காவலா?

கேள்வி: இரைச்சலைக் குறைக்கும் விலையுயர்ந்த வயர்லெஸ் ஹெட்போன் வாங்கினால், வெடிச் சத்தத்திலிருந்து காது தப்புமா?
– வாசகர், அச்சங்குளம்

பதில்: தப்பாது.

இரைச்சலைக் குறைக்கும் ஹெட்போன் நுட்பம் விமானத்துக்காகப் பிறந்தது. 1978-ல் சூரிச்சிலிருந்து விமானத்தில் பாஸ்டன் திரும்பிய, போஸ் ஒலிக்கருவி நிறுவனத்தின் நிறுவனர் அமர் போஸ், என்ஜின் இரைச்சலில் பாட்டு கேட்க முடியாமல் தவித்தார். அந்தப் பயணத்திலேயே கணக்குப் போடத் தொடங்கினார். 1989-ல் அவருடைய நிறுவனம் விமானிகளுக்கான ஹெட்செட்டை விற்பனைக்குக் கொண்டுவந்தது.

ஹெட்போனிலுள்ள மைக் வெளி இரைச்சலைக் கேட்கிறது. உள்ளேயிருக்கும் சிப் அதற்கு நேரெதிரான ஒலியலையை உண்டாக்கி அதை அமுக்குகிறது. பஸ் என்ஜின், ஜெனரேட்டர், மின்விசிறி என ஒரே சீராக ஓடும் தாழ்ந்த இரைச்சலில் இது அருமையாக வேலை செய்யும். வெடி அப்படியல்ல. கண் இமைப்பதற்குள் உச்சத்தைத் தொட்டு அடங்கிவிடும். நான்கு மீட்டர் தொலைவில் 125 டெசிபல் வரை சட்டமே அனுமதிக்கிறது. அந்த வேகத்துக்குச் சிப்பால் ஈடுகொடுக்க முடியாது; அதிர்வைத் தடுக்கக் காதை மூடும் மெத்தைதான் மிச்சம், அது போதாது.

பாட்டுக்கென்றால் தாராளமாக வாங்கலாம். சோனி டபிள்யூஹெச்-1000எக்ஸ்எம்5, இரைச்சல் தடுப்போடு 30 மணி நேரம் ஓடும். எடை சுமார் 250 கிராம். வயர்லெஸ்ஸில் உயர்தர ஒலியை அனுப்பும் அதன் எல்டேக் வசதி ஐபோனில் கிடைக்காது.

ஆனால் இந்த ஹெட்போன் போல லித்தியம் பேட்டரி உள்ள எதையும் பட்டாசு ஆலைக்குள் கொண்டுபோக வேண்டாம். 2021 பிப்ரவரி 12-ன் பட்டாசு ஆலை விபத்தில் இருபதுக்கும் மேற்பட்ட உயிர்களை இழந்த ஊர் உங்கள் அச்சங்குளம். வெடிச் சத்தத்துக்கு, தொழிற்சாலைகளில் அணியும் பேட்டரி இல்லாத காதுக்கவசத்தையே வாங்குங்கள்.