நோயிலும் நீங்கா உரிமை

நுழையும்முன்

உடல் நோயுற்றால் மருத்துவரை நாடுகிறோம். என்ன மருந்து, என்ன சிகிச்சை எனக் கேட்டறிந்து இசைவளிக்கிறோம். உள்ளம் நோயுற்றவரிடம் மட்டும் அந்த இசைவைக் கேட்க மறந்துவிடுகிறோம். அம்மறதி விளைவித்த துயரையும், அதனைக் களைய எழுந்த சட்டத்தையும் எடுத்துரைக்கிறது இப்பாடம்.

ஏர்வாடியில் ஒரு விடியல்

2001ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 6ஆம் நாள். இராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில், தனியார் காப்பகம் ஒன்றின் கூரைக் கொட்டகையில் விடியற்காலையில் தீப்பற்றியது. உள்ளே இருந்தோர் மனநோயுற்றவர்கள். நோய் தீரும் என்னும் நம்பிக்கையோடு அவர்கள் அவ்வூருக்கு அழைத்துவரப்பட்டிருந்தனர். தீ பரவியபோது அவர்களால் ஓட இயலவில்லை. ஏனெனில், அவர்கள் சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்தனர். 28 பேர் உயிரிழந்தனர். உச்சநீதிமன்றம் தாமே முன்வந்து இதனை வழக்காக ஏற்றது.

மனநோயுற்றவரைக் கட்டிவைப்போர் அனைவரும் கல்நெஞ்சர் அல்லர். 'எங்கேனும் ஓடிவிடுவாரோ, தமக்குத் தாமே ஊறு செய்துகொள்வாரோ' என்னும் அச்சம் குடும்பத்தாருக்கு உண்டு. அவ்வச்சம் உண்மையானது. ஆனால், 'இவருக்கு ஒன்றும் தெரியாது' என்னும் முடிவு அதனோடு சேரும்போது, அச்சம் சங்கிலியாக மாறிவிடுகிறது.

சட்டம் நடந்த வழி

ஆங்கிலேயர் காலத்தில் 1912இல் இயற்றப்பட்ட சட்டம், மனநோயுற்றவரைப் 'பித்தர்' என்றே குறித்தது. விடுதலைக்குப் பின் 1987இல் வந்த மனநலச் சட்டம் அச்சொல்லைக் கைவிட்டது. எனினும், நோயாளியை மருத்துவமனையில் சேர்ப்பது, அவரது சொத்தை மேற்பார்ப்பது ஆகியவற்றையே அது பெரிதும் பேசியது. மாற்றுத்திறனாளிகளின் உரிமைகளுக்கான உடன்படிக்கையை ஐக்கிய நாடுகள் அவை 2006இல் நிறைவேற்றியது. மறு ஆண்டே இந்தியா அதனை ஏற்றது. அதன் வழியில் உருவானதே மனநலப் பாதுகாப்புச் சட்டம், 2017. இது 2018 மே 29 முதல் நடைமுறையில் உள்ளது. நோயாளியை எவ்வகையிலும் சங்கிலியால் பிணைத்தலாகாது என இச்சட்டம் வெளிப்படையாகத் தடை செய்கிறது.

முடிவெடுக்கும் திறன்

கல்லூரியில் பயிலும் பெண்ணொருத்தியை எண்ணிப் பாருங்கள். யாரோ தன்னை ஏசுவதுபோல் அவள் காதில் குரல்கள் ஒலிக்கின்றன. மருத்துவர் ஒரு மருந்தைப் பரிந்துரைக்கிறார். "இதை உண்டால் குரல்கள் அடங்கும், ஆனால் உறக்கம் மிகுதியாக வரும் என்கிறீர்கள். அடுத்த வாரம் எனக்குத் தேர்வு. இரவில் மட்டும் உண்ணலாமா?" என்று அவள் வினவுகிறாள். அருகிலிருக்கும் தாயோ, "அவளுக்கென்ன தெரியும் டாக்டர்? நீங்கள் சொல்வதைச் சொல்லுங்கள், நான் கொடுத்துவிடுகிறேன்" என்கிறார்.

அப்பெண்ணுக்கு ஒன்றும் தெரியாதா? முடிவெடுக்கும் திறனை அளக்கச் சட்டம் மூன்றனைக் கருதுகிறது. சிகிச்சை பற்றிய செய்தியைப் புரிந்துகொள்ளுதல் ஒன்று. முடிவின் விளைவை உணர்தல் மற்றொன்று. முடிவைப் பேச்சாலோ, சைகையாலோ, வேறு வழியாலோ தெரிவித்தல் மூன்றாவது. அவளுடைய ஒரே வினாவில் இம்மூன்றும் அடங்கியிருக்கின்றன. செய்தியையும் அவளுக்குப் புரியும் எளிய மொழியில் எடுத்துரைத்தல் வேண்டும்.

ஒருவர் எடுக்கும் முடிவு பிறருக்குத் தவறாகத் தோன்றலாம். அது ஒன்றையே காரணமாக்கி, அவருக்குத் திறன் இல்லை எனக் கூறலாகாது என்றும் சட்டம் வரையறுக்கிறது. நலமுடன் வாழும் நாமும் எத்தனையோ முறை தவறாக முடிவெடுக்கிறோம். அதனால் நம் உரிமையை எவரும் பறிப்பதில்லை அன்றோ?

இயலாத நாள்களில்

நோய் முற்றிய நாள்களில் முடிவெடுக்கும் திறன் குன்றுவதும் உண்டு. அந்நாளுக்காக முன்னரே எழுதி வைக்கும் ஏற்பாடு 'முன்கூட்டிய அறிவுறுத்தல்' எனப்படும். தமக்கு எவ்வகைச் சிகிச்சை வேண்டும், எது வேண்டா, தம் சார்பில் பேசும் பிரதிநிதி யார் என்பவற்றை 18 வயது நிறைந்த எவரும் எழுதி வைக்கலாம், விரும்பும்போது மாற்றலாம். திறன் குன்றிய காலத்தில் மட்டுமே அது செயற்படும். உயிர் காக்கும் அவசரச் சிகிச்சைக்கு அது தடையாகாது.

தமக்கோ பிறருக்கோ ஊறு நேரும் நிலையில், நோயாளியின் இசைவின்றியும் மருத்துவமனையில் சேர்க்கச் சட்டம் இடந்தருகிறது. ஆயினும், ஒருவரது சொல் மட்டும் அதற்குப் போதாது. பிரதிநிதி விண்ணப்பிக்க வேண்டும். வல்லுநர் இருவர் தனித்தனியே ஆய்ந்து ஒப்ப வேண்டும். முதற்கட்டக் காலவரையறை 30 நாள்கள். அதற்குள்ளும் ஏழு நாள்களுக்கு ஒருமுறை நோயாளியின் திறனை மீண்டும் ஆராய வேண்டும். குறையிருப்பின் மனநல மறுஆய்வு வாரியத்திடம் முறையிடலாம். நேற்று இயலாதவர் இன்று இயன்றவராகலாம் என்பதைச் சட்டம் மறக்கவில்லை.

சொல்லும் பிணிக்கும்

சட்டம் இரும்புச் சங்கிலியைத் தடுக்கும். வகுப்பிலும் தெருவிலும் நாம் வீசும் ஏளனச் சொற்களை அவிழ்க்க வேண்டியவர்கள் நாமே. அச்சொற்களுக்கு அஞ்சியே பலர் தம் துயரை வெளியிடாது மறைக்கின்றனர். சிகிச்சையும் காலந்தாழ்ந்தே கிடைக்கிறது. உங்கள் நண்பர் ஒருவர் உறக்கமின்றி, உணவின்றி, எவரோடும் பேசாது ஒதுங்கியிருந்தால், முதலில் அவரைக் கேளுங்கள். பிறகு அவருக்காகப் பேசுங்கள். இன்னும் சில ஆண்டுகளில் உங்களில் சிலர் மருத்துவராகவும் செவிலியராகவும் வழக்குரைஞராகவும் அமர்வீர்கள். நோயுற்றவருடன் வருபவரிடம் மட்டும் பேசாமல், நோயுற்றவரின் முகம் நோக்கி, "உங்கள் விருப்பம் என்ன?" என்று கேளுங்கள். ஏர்வாடியில் மாண்ட 28 பேரிடம் எவரேனும் கேட்டிருக்க வேண்டிய கேள்வி அது.

தெரிந்து தெளிவோம்

மனநலம் குறித்த ஆலோசனை பெற 'டெலி மானஸ்' என்னும் கட்டணமில்லாத் தொலைபேசிச் சேவையை இந்திய அரசு 2022இல் தொடங்கியது. அதன் எண் 14416. எந்நேரமும் அழைக்கலாம், தமிழிலும் பேசலாம்.

கற்பவை கற்றபின்...

1. மனநோயுற்றோரைக் குறிக்க வழங்கும் சொற்களைத் திரட்டி, அவற்றுள் மதிப்பளிப்பவை எவை, இழிவுபடுத்துபவை எவை என வகுப்பில் கலந்துரையாடுக.
2. பாடத்தில் வரும் பெண், தாய், மருத்துவர் ஆகியோரின் உரையாடலைச் சட்டத்தின் நோக்கில் தொடர்ந்து எழுதுக.
3. 'அன்பின் பெயரால் ஒருவரது உரிமையைப் பறிக்கலாமா?' என்னும் தலைப்பில் சொற்போர் நிகழ்த்துக.