தாய்நிரலும் நீட்சி நூலகமும்

விண்டோஸ் இயங்குதளத்தில் ஒரு மென்பொருளுக்குப் புதிய ஆற்றலைச் சேர்க்கும் நீட்சிகளுள் மிகப் பல 'டிஎல்எல்' என்னும் பின்னொட்டோடு வரும் இயங்குநேர இணைப்பு நூலகங்களாகும். ஓசிஎக்ஸ், சிபிஎல், எக்ஸ்எல்எல் எனப் பின்னொட்டு வேறுபட்டாலும், ஆக்டிவ்எக்ஸ் கட்டுப்பொருள்களும் கண்ட்ரோல் பேனலின் பழைய பக்கங்களும் எக்செலுக்கான கூடுதல் சார்புத் தொகுப்புகளும் உள்ளமைப்பில் அதே வகையைச் சேர்ந்தவை. இத்தகைய நூலகம் தானாக இயங்குவதில்லை. இயங்கிக்கொண்டிருக்கும் வேறொரு நிரல் அதைத் தன் நினைவகப் பரப்புக்குள் ஏற்றி, அது வெளியே காட்டும் சார்புகளை, அதாவது பெயர் சொல்லி அழைக்கத்தக்க நிரல் துண்டுகளை, அழைக்கும்போதுதான் அது வேலை செய்யத் தொடங்குகிறது. அவ்வாறு அழைக்கும் நிரலைத் தாய்நிரல் என்று இங்கே குறிப்பிடலாம்.

1985இல் வெளிவந்த முதல் விண்டோஸ் 256 கிலோபைட் நினைவகத்தில் இயங்க வேண்டியிருந்தமையால், பல நிரல்கள் ஒரே நூலகத்தைப் பகிர்ந்துகொள்வது இடத்தை மிச்சப்படுத்தும் உத்தியாகவே தொடங்கியது. நிரல் வெளியான பிறகும் அதற்குப் புதிய திறன் சேர்க்கலாம் என்னும் பயன் அதே ஏற்பாட்டிலிருந்து கிளைத்தது. ஒலி இயக்கிகளின் செருகுநிரல்கள், படத் திருத்திகளின் வடிகட்டிகள், கோப்புலாவியின் வலது சொடுக்குப் பட்டியல் ஆகியவை எல்லாம் இந்தக் கிளையில் காய்த்தவை. நீட்சிகளை எழுதுவோரும் அவற்றை நிறுவிப் பராமரிப்போரும் நெடுநாள் பழக்கத்தில் கற்றுக்கொள்ளும் பாடங்கள் பலவற்றுக்கு ஒரே உண்மைதான் வேர்: ஏற்றப்பட்ட நூலகத்துக்கும் தாய்நிரலுக்கும் இடையே சுவர் எதுவும் இல்லை. நூலகம் தவறான முகவரியில் எழுதினால் சிதைவது தாய்நிரலின் தரவு. நூலகம் நின்றால் தாய்நிரலின் சாளரமும் உறைந்து நிற்கும்.

இதன் முதல் விளைவு நினைவகத்தின் உடைமை பற்றியது. நூலகம் ஒதுக்கிய நினைவகத்தைத் தாய்நிரல் விடுவித்தாலோ, தாய்நிரல் ஒதுக்கியதை நூலகம் விடுவித்தாலோ, இரண்டும் வெவ்வேறு தொகுப்பிப் பதிப்புகளால் உருவாக்கப்பட்டிருக்கும் நிலையில், ஒவ்வொன்றும் குவியலுக்கு, அதாவது நிரல் இயங்கும்போது கேட்டுப் பெறும் நினைவகப் பகுதிக்கு, தனித்தனி மேலாண்மையை வைத்திருப்பதால், குவியல் சிதைகிறது. அந்தச் சிதைவு உடனே வெளிப்படுவதில்லை. சில நிமிடங்கள் கழித்து, தொடர்பே இல்லாத ஓர் இடத்தில் நிரல் நின்றுபோகிறது. ஒதுக்கியவரே விடுவிக்க வேண்டும் என்னும் விதியைத் தொடக்கத்திலேயே கைக்கொண்டவர்களுக்கு இந்தத் துன்பம் நேர்வதில்லை. எல்லையைத் தாண்டிச் செல்லும் சார்புகளை சி மொழியின் எளிய வடிவில் வைப்பதும் இதனோடு சேர்ந்த பழக்கமாகும். சி++ தொகுப்பிகள் சார்புப் பெயர்களைத் தத்தம் முறையில் உருமாற்றிக்கொள்வதால், ஒன்றின் பெயரை மற்றொன்று கண்டுகொள்ளாது. நோட்பேட்++ என்னும் உரைத்திருத்தி இதற்கு நல்ல எடுத்துக்காட்டு: அதன் செருகுநிரல் ஒவ்வொன்றும் செட்இன்ஃபோ, கெட்நேம், கெட்ஃபங்ஸ்அரே, பீநோட்டிஃபைட், மெசேஜ்ப்ராக், இஸ்யூனிகோட் ஆகிய ஆறு சார்புகளை வெளியே காட்ட வேண்டும், அதற்கு மேல் கட்டாயம் எதுவும் இல்லை. இவ்வளவு குறுகிய வாசல் வழியாக எத்தனையோ செருகுநிரல்கள் இயங்கிவருவதைப் பார்க்கும்போது, இடைமுகத்தைச் சிறிதாக வைத்திருப்பது எவ்வளவு பெரிய சேவை என்பது புலப்படும்.

இரண்டாவது எச்சரிக்கை டிஎல்எல்மெயின் என்னும் தொடக்கச் சார்பைப் பற்றியது. நூலகம் ஏற்றப்படும்போதும் இறக்கப்படும்போதும், தாய்நிரலில் ஓர் இழை, அதாவது தனியே ஓடும் ஒரு கட்டளைத் தொடர், பிறக்கும்போதும் முடியும்போதும் விண்டோஸ் இச்சார்பை அழைக்கிறது. அவ்வேளையில் ஏற்றிப் பூட்டு எனப்படும் ஒரே பூட்டு, இயங்கிக்கொண்டிருக்கும் தாய்நிரலாகிய செயல்முறை முழுவதற்குமாகப் பிடிக்கப்பட்டிருக்கும். அதற்குள்ளிருந்து மற்றொரு நூலகத்தை ஏற்றுவது, வேறோர் இழை முடியும்வரை காத்திருப்பது, பிணையத்தைத் தொடுவது போன்றவற்றைச் செய்தால், இரண்டு இழைகள் ஒன்றையொன்று எதிர்பார்த்து நிரந்தரமாக நின்றுவிடும் முட்டுக்கட்டை உருவாகலாம். எழுதியவரின் கணினியில் ஒருமுறைகூடத் தோன்றாத இந்தத் தடை, பயனரின் கணினியில் நாள்தோறும் தோன்றக்கூடும் என்பதால், டிஎல்எல்மெயினில் அனேகமாக ஒன்றும் செய்யாமல், தொடக்க வேலைகளைத் தாய்நிரல் தானே அழைக்கும் தனிச் சார்புக்குத் தள்ளிவைப்பதே பாதுகாப்பான வழி.

கோப்புலாவியின் நீட்சிகள் தனிக் கவனத்துக்கு உரியவை. இவை காம் எனப்படும் கூறுப்பொருள் மாதிரியைப் பின்பற்றி, 128 பிட் அடையாள எண் ஒன்றின் கீழ் விண்டோஸின் பதிவகத்தில் (ரெஜிஸ்ட்ரியில்) தம் கோப்பின் இருப்பிடத்தை எழுதிவைக்கின்றன. பலரும் காணத் தவறுவது, இவை கோப்புலாவிக்குள் மட்டும் நின்றுவிடுவதில்லை என்பதே. எந்த மென்பொருளிலும் 'கோப்பைத் திற' உரையாடல் பெட்டி விரியும்போது, அந்த மென்பொருளின் செயல்முறைக்குள்ளேயே இந்நீட்சிகள் ஏற்றப்படுகின்றன. ஆகவே கோப்புச் சுருக்கும் கருவியொன்றின் நீட்சியில் உள்ள பிழை, கணக்கியல் மென்பொருள் நின்றுபோவதாக வெளிப்படலாம். 64 பிட் செயல்முறை 32 பிட் நூலகத்தை ஏற்காது, 32 பிட் செயல்முறை 64 பிட் நூலகத்தை ஏற்காது என்பதால், 64 பிட் கோப்புலாவியில் பட்டியல் சரியாகத் தோன்றியும் 32 பிட் மென்பொருளின் உரையாடல் பெட்டியில் அது காணாமற்போனால், இரண்டாவது பதிப்பு நிறுவப்படவில்லை என்று முதலில் ஐயுறுவது தகும். 64 பிட் நூலகங்கள் சிஸ்டம்32 என்னும் கோப்புறையிலும், 32 பிட் நூலகங்கள் சிஸ்வாவ்64 என்னும் கோப்புறையிலும் இருப்பது பெயர்களுக்கு நேர்மாறாக அமைந்த பழைய ஏற்பாடு. இதை மனத்தில் வைக்காமல் தேடியோர் இழந்த நேரம் கொஞ்சமன்று.

படவுருவின் மூலையில் ஒத்திசைவு முடிந்ததைக் காட்டும் சிறு குறிகளுக்கும் இத்தகைய நீட்சிகளே பொறுப்பு. விண்டோஸின் படவுருப் பட்டியலில் இவற்றுக்கு மொத்தம் 15 இடங்களே உள்ளன. அவற்றுள்ளும் சிலவற்றை இயங்குதளமே எடுத்துக்கொள்கிறது. எஞ்சியவை பெயர் வரிசைப்படி நிரப்பப்படுவதால், சில மென்பொருள்கள் தம் பதிவுப் பெயருக்கு முன்னால் வெற்றிடங்களைச் சேர்த்து முந்திக்கொள்ள, பின்வந்தவை மேலும் ஒரு வெற்றிடத்தைச் சேர்க்கின்றன. ஒரு நாள் திடீரெனக் குறிகள் மறைந்துபோனால், அந்த மென்பொருளை மீண்டும் நிறுவுவதைக் காட்டிலும், பதிவகத்தில் இப்பட்டியலைத் திறந்து தேவையற்றவற்றை நீக்குவது பயன் தரும். டார்ட்டாய்ஸ் குடும்பத்தைச் சேர்ந்த பதிப்புக் கட்டுப்பாட்டுக் கருவிகள் தமக்குள் ஒரே குறித்தொகுப்பைப் பகிர்ந்துகொண்டு இடத்தை மிச்சப்படுத்துகின்றன. பிறரும் பின்பற்றியிருக்க வேண்டிய பண்பு அது.

பிழையின் மூலத்தைத் தேடும்போது, விண்டோஸின் நிகழ்வுக் காட்டி பழுதுற்ற நிரலின் பெயரோடு பழுதுற்ற கூறின் பெயரையும் தருகிறது. அக்கூறு அறிமுகமில்லாத ஒரு நூலகமாக இருந்தால் வழி கிடைத்துவிட்டது எனலாம். ஆனால் என்டிடிஎல்எல் என்று பதிவாகியிருந்தால், அதைக் குற்றவாளியாகக் கொள்வது பெரும்பாலும் தவறு. வேறு யாரோ சிதைத்த குவியலைக் கடைசியாகத் தொட்டது அதுவாக இருக்கும், அவ்வளவே. அந்நிலையில் சிஸ்இன்டர்னல்ஸ் தொகுப்பின் ஆட்டோரன்ஸ் கருவியில் கோப்புலாவிப் பக்கத்தைத் திறந்து, மைக்ரோசாஃப்ட் பதிவுகளை மறைத்துவிட்டு, எஞ்சிய நீட்சிகளில் பாதியை முடக்கிக் கோப்புலாவியை மறுபடி தொடங்குவது, பிழை நீங்கினால் முடக்கிய பாதியையும் நீங்காவிட்டால் மற்றப் பாதியையும் மேலும் இரண்டாகப் பிரிப்பது என்னும் முறையில், 32 நீட்சிகள் இருந்தாலும் ஐந்து சோதனைகளுக்குள் மூலத்தை நெருங்கிவிடலாம். பிராசஸ் எக்ஸ்புளோரர் கருவியோ குறிப்பிட்ட செயல்முறைக்குள் எந்தெந்த நூலகங்கள் எந்தக் கோப்புறையிலிருந்து ஏறியிருக்கின்றன என்பதை முழுப் பாதையோடு காட்டும்.

அந்தப் பாதையைப் பார்ப்பது பாதுகாப்புக்கும் இன்றியமையாதது. முழுப் பாதை இல்லாமல் பெயரை மட்டும் கூறி ஒரு நூலகத்தை அழைத்தால், விண்டோஸ் சில கோப்புறைகளை வரிசையாகத் தேடுகிறது; வரிசையில் முன்னதாக உள்ள கோப்புறையில் அதே பெயரில் தீய கோப்பு கிடந்தால் அதுவே ஏறிவிடும். ஓர் ஆவணத்தோடு ஒரே கோப்புறையில் வைக்கப்பட்ட போலி நூலகம் இவ்வாறு ஏறக்கூடும் என்று 2010 ஆகஸ்டில் மைக்ரோசாஃப்ட் அறிவுரை வெளியிட்ட பிறகு, தேடும் இடங்களைக் குறுக்கிக்கொள்ளும் வழிகள் நிரலாளர்களுக்கு வழங்கப்பட்டன. காணாமற்போன நூலகம் ஒன்றை இலவசமாகத் தருவதாகக் கூறும் இடங்களிலிருந்து கோப்பை இறக்கி, மென்பொருளின் கோப்புறையில் போடும் வழக்கம் இன்னும் மறையவில்லை. அவ்வாறு செய்பவர் அறியாத ஒருவரின் நிரலுக்குத் தம் மென்பொருளின் முழு உரிமையையும் கொடுக்கிறார் என்பதால், விடுபட்ட கூறுகளை உரிய நிறுவனத்தின் நிறுவு தொகுப்பிலிருந்து மட்டுமே பெற வேண்டும்.

தாய்நிரல்களும் இப்போது சுவர் எழுப்பத் தொடங்கியுள்ளன. விஸ்டா காலம் முதல் கோப்பு முன்னோட்ட நீட்சிகள் பிரிவ்ஹோஸ்ட் என்னும் தனிச் செயல்முறையில் இயங்குவதால், அவற்றின் பழுது கோப்புலாவியை வீழ்த்துவதில்லை. தம் உலாவிக்குள் பிற மென்பொருள்களின் நூலகங்கள் புகுந்திருக்கும் பயனர்களுக்குச் செயலிழப்பு நேரும் வாய்ப்பு 15 விழுக்காடு கூடுதல் என்று அறிவித்த குரோம் குழுவினர், 2018இல் அத்தகைய நுழைவைத் தடுக்கத் தொடங்கினர். புதிதாக நீட்சி எழுதுவோர் தனிச் செயல்முறை வழியை முதலில் ஆராய்ந்துவிட்டு, அது இயலாதபோது மட்டும் தாய்நிரலுக்குள் நுழைவது நன்று. வேகத்தில் நேரும் சிறு இழப்பை நிலைத்தன்மை ஈடுசெய்துவிடும்.

ஆயினும் சில நீட்சிகளுக்கு அந்தப் பிரிவு எளிதில் வாய்ப்பதில்லை. விண்டோஸின் உரைச் சேவைக் கட்டமைப்பின் வழியே எழுத்துகளை உள்ளிடும் கருவி, தட்டச்சு நிகழும் ஒவ்வொரு மென்பொருளுக்குள்ளும் நூலகமாக ஏற வேண்டியிருப்பதால், ஒரு மென்பொருளில் தமிழ் வந்து மற்றொன்றில் வராமற்போகும்போது அதன் 32 பிட், 64 பிட் பதிப்புகள் இரண்டும் உள்ளனவா என்று பார்ப்பதே முதல் வேலை. விண்டோஸோடு வரும் தமிழ் விசைப்பலகை அமைப்போ இதிலிருந்து மாறுபட்டது. கேபிடிஇன்டாம் என்னும் பெயருடைய அச்சிறு கோப்பும் டிஎல்எல் தான் என்றாலும், அதற்குள் இருப்பது எந்த விசைக்கு எந்த எழுத்து என்னும் அட்டவணையும், அந்த அட்டவணையின் முகவரியைத் திருப்பித் தரும் ஒரே சார்பும் மட்டுமே.