திரை முன் தனித்திருக்கும் பிள்ளை



கலை சமுதாயத்தின் கண்ணாடி என்பர். அதுவே பிள்ளைகளை வார்க்கும் அச்சாகவும் ஆகிறது. பேராக் மாநிலத்துத் தமிழர் வாழ்வில் இவ்விரண்டும் எவ்வாறு நிகழ்ந்தன என்பதைச் சற்றே சிந்திப்போம்.

ரப்பர்த் தோட்டங்களில் மாரியம்மன் திருவிழா இரவுகளில் கூத்து நடந்தது. பின்னாளில் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டினார்கள். பால்மரம் வெட்டுவோரும் பாட்டியும் பேரனும் பாய் விரித்து ஒன்றாகப் பார்த்தனர். கதாநாயகன் அடித்தால் விசில் பறக்கும். மறுநாள் ஒரு சிறுவன் அவ்வாறே கை ஓங்கினால், காதைத் திருகிப் புத்தி சொல்ல லயத்தில் பெரியவர்கள் இருந்தனர்.

செல்வம் வந்து போவதைக் கூத்துக்குக் கூட்டம் சேர்ந்து கலைவதற்கு ஒப்பிட்டார் வள்ளுவர். நமக்கோ அந்தக் கூட்டமே செல்வமாக இருந்தது. ரப்பர் செம்பனையாக மாறியது, தோட்டங்கள் துண்டாடப்பட்டன, குடும்பங்கள் ஈப்போ போன்ற நகர்ப்புறங்களுக்குச் சிதறின. வீடியோ வந்தது. 1996இல் ஆஸ்ட்ரோ வந்தது. பெற்றோர் வேலைக்குச் சென்றிருக்க, பிள்ளை தனியே படம் பார்த்தான்.

அந்த நிலையைத் திரைப்படமே நமக்குக் காட்டியது. சஞ்சை குமார் பெருமாள் இயக்கி 2015 டிசம்பரில் வெளிவந்த 'ஜகாட்', 1990களின் தொடக்கத்தில் தோட்டத்திலிருந்து வெளியேறிய ஒரு குடும்பத்தின் கதை. 'தீய' என்னும் பொருள்தரும் மலாய்ச் சொல்லை நம்மவர் உச்சரிக்கும் விதமே அதன் தலைப்பு. பன்னிரண்டு வயதுச் சிறுவனைப் படி படி என்று கண்டிக்கிறார் தந்தை. அவனுக்கோ குண்டர் கும்பலிலுள்ள சித்தப்பாவே வீரனாகத் தெரிகிறார். 2016இல் 28ஆவது மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியத் திரைப்படமாக அது விருது பெற்றது.

சமய வகுப்பில் நான் பிள்ளைகளிடம் கேட்பதுண்டு: "நீங்கள் பார்த்த படத்தில் நாயகன் செய்தது சரியா?" முதலில் சிரிப்பார்கள். பிறகு வாதிடத் தொடங்குவார்கள். வீட்டில் யாரும் இதைக் கேட்டதில்லை என்பார்கள். இன்று திரை கைப்பேசிக்குள் சுருங்கிவிட்டது. பிள்ளையின் தனிமையோ பெருகிவிட்டது.

படத்தைத் தடுத்தல் நம்மால் இயலாது. அருகில் அமர்தல் இயலும். கோயில் மண்டபத்தில் மாதம் ஒருநாள் பெற்றோரும் பிள்ளைகளும் ஒரு படத்தைச் சேர்ந்து பார்த்துப் பேசட்டும். மண்டபத்துக்கு விளக்கும் விசிறியும் வழங்கிய அன்பர்கள் இதற்கும் கை கொடுக்க வேண்டுகிறேன். சிதறிய அந்தத் திடல் கூட்டத்தை நாம் மீண்டும் கூட்டலாம்.