கட்டைவிரலை இழுக்காதீர்கள்

கீரனூரைச் சுற்றியுள்ள ஊர்களில் தை பிறந்தால் ஜல்லிக்கட்டு. பங்குனி, சித்திரையில் கோயில் திருவிழாவோடு ராத்திரிக் கபடி. இரண்டுக்கும் மறுநாள் காலையில், கட்டைவிரலை இன்னொரு கையால் பொத்திக்கொண்டு யாராவது ஒருவர் என் பிசியோதெரபி அறைக்கு வந்துவிடுவார். அவர் வாய் திறக்கும் முன் கூட வந்தவர் சொல்வார்: "சுளுக்குத்தாண்ணே. நேத்தே ரெண்டு பேரு இழுத்துவிட்டோம், கேக்கல." அந்த இரண்டு பேருக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

கட்டைவிரலில் மூன்று மூட்டுகள். நகத்துக்குக் கீழே நுனிமூட்டு. அடுத்து, விரல் உள்ளங்கையோடு சேரும் இடத்தில் நடுமூட்டு. மணிக்கட்டை ஒட்டி அடிமூட்டு. அடிமூட்டு குதிரைச் சேணம் மாதிரி. ஓர் எலும்பின் வளைவில் இன்னொன்று கால் போட்டு உட்கார்ந்திருக்கும். முன்னும் பின்னும், பக்கவாட்டிலும் போய் மற்ற விரல்களுக்கு எதிரே கட்டைவிரல் வந்து நிற்பது இந்தச் சேணத்தால்தான். நடுமூட்டு பெரும்பாலும் கதவுக் கீல். பக்கவாட்டில் சாயாமல் இருபுறமும் ஜவ்வு பிடித்திருக்கும். பாடப்புத்தகம் தசைநார் என்கிறது. வருகிறவர்கள் எல்லோரும் ஜவ்வு என்கிறார்கள், எனக்கும் அதுவே போதும்.

அடிபட்டவுடன் மோதிரம், கயிறு எல்லாவற்றையும் கழற்றுங்கள். வீங்கிய பிறகு வெட்டித்தான் எடுக்க வேண்டியிருக்கும். துணியில் சுற்றிய ஐஸ் பத்து நிமிடம். கையை நெஞ்சு உயரத்துக்குத் தூக்கி வையுங்கள். தைலம் வேண்டாம், நீவ வேண்டாம், சொடக்கு எடுக்க வேண்டாம்.

அடுத்து வலி எங்கே என்று பார்க்க வேண்டும். "கை பூரா வலிக்குது" என்பார்கள், நம்பாதீர்கள். பென்சிலின் ரப்பர் முனையால் நான்கு இடங்களில் மெதுவாக அழுத்துங்கள். நுனிமூட்டில் வலித்து, நுனியைத் தானாக நீட்ட முடியவில்லை என்றால் நீட்டும் தசைநாண் அறுந்திருக்கலாம். மணிக்கட்டை ஒட்டிய அடிமூட்டில் வலித்தால் பென்னட் முறிவாக இருக்கலாம். டப்ளினில் எட்வர்ட் பென்னட் 1882-இல் விவரித்த முறிவு அது. உடைந்த எலும்பைச் சேர்த்து வைத்தாலும் அங்கே ஒட்டியிருக்கும் தசை அதை இழுத்துக்கொண்டே இருக்கும், அதனால் பல நேரம் கம்பி போடத்தான் வேண்டியிருக்கும். கட்டைவிரலை நன்றாக நீட்டினால் மணிக்கட்டுப் பக்கம் ஒரு குழி விழும். அந்தக் குழிக்குள் வலித்தால் மணிக்கட்டின் சிறு எலும்பு ஒன்று உடைந்திருக்கலாம். முதல் நாள் எக்ஸ்ரேயில் அது தெரியாமல் போவதும் உண்டு. படம் நன்றாக இருக்கிறது என்று விட்டுவிடாமல் கட்டுப் போட்டுப் பத்துப் பதினான்கு நாளில் மறுபடியும் எடுக்க வேண்டும்.

நான்காவது இடம் நடுமூட்டின் உள்பக்கம், அதாவது ஆள்காட்டி விரலைப் பார்த்த பக்கம். என்னிடம் வருகிறவர்கள் அதிகம் ஏமாந்துபோவது இங்கேதான்.

கபடியில் எதிராளியின் கணுக்காலைப் பிடிக்கும்போது அவன் உதைத்துக்கொண்டு பாய்வான், கட்டைவிரல் வெளிப்பக்கம் விரியும். திமிலை அணைத்த கையைக் காளை உதறும்போதும் அப்படியே. பைக்கிலிருந்து விழுகிறவன் கைப்பிடியை விடாமல் விழுந்தாலும் இதுதான். மூன்றிலும் உள்பக்க ஜவ்வு கிழியும். 1955-இல் கேம்பெல் என்ற மருத்துவர் இதே சேதத்தை ஸ்காட்லாந்தின் வேட்டைக்காட்டுக் காவலர்களிடம் கண்டு எழுதினார். அடிபட்ட முயல்களின் கழுத்தைத் திருகித் திருகி அவர்களுக்கு ஜவ்வு தளர்ந்துபோயிருந்தது. பனிச்சறுக்குக்காரர்களுக்குக் கோலால் வருகிறது. நம் ஊர்ப் பையனுக்குக் கணுக்காலால் வருகிறது.

ஜவ்வு பாதி கிழிந்திருந்தால் கட்டிலேயே கூடிவிடும். முழுவதும் அறுந்தால் ஒரு சிக்கல் இருக்கிறது. அறுந்த நுனி சுருண்டு, பக்கத்துத் தசையின் விரிப்புக்கு மேலே ஏறி உட்கார்ந்துகொள்ளலாம். ஸ்வீடன் அறுவை மருத்துவர் ஸ்டெனர் 1962-இல் இதை எழுதினார். நடுவில் விரிப்பு கிடக்கும்போது அந்த நுனி எலும்பைத் தொடவே முடியாது. ஆறு மாதம் மாவுக்கட்டு போட்டாலும் கூடாது, தைத்துத்தான் ஆக வேண்டும். முதல் இரண்டு மூன்று வாரத்துக்குள் தைப்பது சுலபம். திருவிழா முடியட்டும் என்று காத்திருந்தால் அந்த வாரங்கள் போய்விடும்.

அதனால் பாதியா முழுசா என்று பார்க்கும் சோதனைதான் முக்கியம். பலரும் அதைத் தவறாகச் செய்கிறார்கள். எக்ஸ்ரே இல்லாமல் இதைத் தொடவே கூடாது. நகராமல் இருக்கும் எலும்புத் துண்டை நீங்களே நகர்த்திவிடுவீர்கள். எக்ஸ்ரே எடுக்கும்போது "கை" என்று எழுதிய சீட்டோடு போகாதீர்கள். மற்ற நான்கு விரல்களின் வரிசையிலிருந்து கட்டைவிரல் கிட்டத்தட்டச் செங்குத்தாகத் திரும்பி இருக்கிறது. கையை நேராக வைத்து எடுத்தால் கட்டைவிரல் சாய்வாகவே விழும். "கட்டைவிரல், நேர், பக்கவாட்டு" என்று சீட்டில் இருக்க வேண்டும்.

முறிவு இல்லை என்று தெரிந்த பிறகு, முதலில் நல்ல கையைச் சோதியுங்கள். நான் எப்போதும் அப்படித்தான். பிறவியிலேயே விரல் தளர்ந்தவர்கள் நிறைய. நடுமூட்டுக்குக் கீழேயுள்ள எலும்பை உங்கள் இரண்டு விரலால் கிடுக்கி மாதிரி பிடியுங்கள். பிடி தளர்ந்தால் விரல் முழுக்கச் சுழலும், அதைப் பார்த்து ஜவ்வு ஆடுகிறது என்று ஏமாந்துவிடுவீர்கள். புதிதாக வரும் பிசியோ மாணவர்கள் எல்லோரும் இங்கேதான் கோட்டை விடுகிறார்கள். மூட்டைச் சுமார் 30 பாகை மடக்குங்கள். நேராக வைத்தால் மற்ற ஜவ்வுகள் முட்டுக் கொடுத்துக் குறையை மறைக்கும். இப்போது விரலை ஆள்காட்டி விரலிலிருந்து விலகும் திசையில் மெதுவாகச் சாய்த்துப் பாருங்கள். ஓரிடத்தில் கயிறு இறுகியது போல நின்றால் பாதிக் கிழிசல். நிற்காமல், சேற்றில் குச்சி இறங்குவது போலப் போய்க்கொண்டே இருந்தால் முழுக் கிழிசல். எண் வேண்டுமென்றால், 35 பாகைக்கு மேல், அல்லது நல்ல கையைவிட 15 பாகை அதிகம். ஒரே முறை பார்த்தால் போதும். கூட வந்த நான்கு பேரும் ஆளுக்கொரு தடவை ஆட்டிப் பார்க்க அது பம்பரம் இல்லை. வலியில் ஆள் விரலை இறுக்கிக்கொண்டால் மருத்துவர் மரத்துப்போகும் ஊசி போட்டுப் பார்ப்பார். இந்த வேலையில் இல்லாதவர்கள் செய்து பார்க்கவே வேண்டாம். "முழுசா கிழிஞ்சிருக்கா, பாதியா?" என்று மருத்துவரிடம் கேட்கத் தெரிந்தால் போதும்.

போன வருடம் ஒரு பையன் அடிபட்டு இரண்டரை மாதம் கழித்து வந்தான். வீக்கமே இல்லை. பைக் சாவியைக் கையில் கொடுத்துத் திருகச் சொன்னேன். கட்டைவிரல் மெல்ல வெளியே சாய்ந்தது, சாவி கீழே விழுந்தது. "வலிக்கலண்ணே, ஆனா பிடிக்கல" என்றான்.

பாதிக் கிழிசலுக்கு நான்கு முதல் ஆறு வாரம் கட்டு. எவர்சில்வர் டம்ளரைப் பிடித்த நிலையில் கட்டைவிரல் இருக்க வேண்டும். உள்ளங்கையோடு ஒட்ட வைத்துக் கட்டினால் பிறகு விரல் விரியாமல் தகராறு செய்யும். நுனிமூட்டை மூடாதீர்கள், அது தினமும் மடங்கி நீள வேண்டும்.

கட்டு எடுத்த பிறகு, விரல் எவ்வளவு மடங்குகிறது என்று வாரம் ஒருமுறை அளந்து எழுதுங்கள். கோனியோமீட்டர் இல்லாவிட்டால் பிள்ளைகளின் ஜியாமெட்ரி பாக்ஸ் பாகைமானி போதும். மூட்டின் முதுகுப்பக்கம் அதன் மையம், கீழ் எலும்போடு ஒரு ஐஸ் குச்சி, மேல் எலும்போடு இன்னொன்று. நேராக இருந்தால் பூஜ்யம். நுனிமூட்டு 80 பாகை வரை மடங்கும். நடுமூட்டு 50, 60. சிலருக்கு 30-தான், அது நோயில்லை. எப்போதும் மறுகையோடு ஒப்பிடுங்கள். 5 பாகை வித்தியாசம் உங்கள் கைப்பிழை, அதற்காக மகிழவும் வேண்டாம் அழவும் வேண்டாம்.

அடிமூட்டைப் பாகைமானியால் அளப்பதை நான் விட்டுவிட்டேன். அதற்குக் கபாஞ்சி என்ற பிரெஞ்சு மருத்துவர் 1986-இல் கொடுத்த கணக்கு இருக்கிறது. நம் ஆச்சிகள் கட்டைவிரலால் விரல் ரேகைகளைத் தொட்டு நாள் எண்ணுகிறார்களே, ஏறக்குறைய அதுதான். கட்டைவிரல் நுனி ஆள்காட்டி விரலின் நுனியைத் தொட்டால் 3, நடுவிரல் 4, மோதிரவிரல் 5, சுண்டுவிரல் 6. பிறகு சுண்டுவிரலின் மூன்று ரேகைகளில் இறங்கினால் 7, 8, 9. அதற்கும் கீழே உள்ளங்கை ரேகையைத் தொட்டால் 10. தொடும்போது விரல் வளைந்து வர வேண்டும். உள்ளங்கையில் தேய்த்துக்கொண்டு போய்த் தொடுவதை நான் கணக்கில் சேர்ப்பதில்லை. கொல்லிமலையில் பிறந்த மருத்துவர் பால் பிராண்ட் வேலூரில் தொழுநோயாளிகளின் கையில் வேறு விரலின் தசைநாணை மாற்றித் தைத்ததும் இந்த எதிரே வரும் அசைவை மீட்கத்தான்.

அடிபடாமலே வலி வருவதும் உண்டு. கைக்குழந்தையை அக்குளில் கைகொடுத்துத் தூக்கும் தாய்மாருக்கும், கட்டைவிரலை மடக்கிப் பால் கறப்பவர்களுக்கும் மணிக்கட்டின் கட்டைவிரல் பக்கம் வலிக்கும். தூக்கும் விதத்தை, கறக்கும் விதத்தை மாற்றி, சில வாரம் விரலுக்கு ஓய்வு கொடுத்தால் பெரும்பாலும் அடங்கும்.

தையல் போட்டவரும் சரி, கட்டுப் போட்டவரும் சரி, கபடியில் பிடி போட மூன்று மாதம் ஆகும். அதற்குள் அணிக்கு ஆள் குறைகிறது என்று யாராவது வீட்டுக்கு வந்து கூப்பிட்டால், சாவியை எடுத்து அவர் முன்னாலேயே திருகிக் காட்டுங்கள்.