கிராக்கோவில் வழிகாட்டி தேவையா?

கேள்வி: போலந்தின் கிராக்கோ நகருக்குப் போகிறோம். யூதர்கள் வாழ்ந்த பகுதியையும் போர்க்கால இடங்களையும் நாங்களே நடந்து பார்த்துவிடலாமா, வழிகாட்டி வேண்டுமா?

பதில்: யூதர்கள் வாழ்ந்த காஜிமியெஷ் பகுதியை நீங்களே பார்க்கலாம். 16-ஆம் நூற்றாண்டின் ரெமு ஜெப ஆலயமும் அதையொட்டிய பழைய கல்லறைத் தோட்டமும் தாமே பேசும். சனிக்கிழமை மட்டும் போகாதீர்கள்; ஓய்வுநாள், மூடியிருக்கும்.

விஸ்துலா ஆற்றைத் தாண்டி பொட்கூஷெ போனால் வழிகாட்டி அவசியம். 1941 மார்ச்சில் நாஜிகள் கெட்டோ, அதாவது யூதர்களை அடைத்துவைக்கும் பகுதி, அமைத்தது இங்கேதான். சுமார் 3,000 பேர் குடியிருந்த தெருக்களில் 15,000-க்கும் மேற்பட்டோரை அடைத்தார்கள். இன்று அவை சாதாரணக் குடியிருப்புகள். சொல்ல ஆள் இல்லாவிட்டால் பேசாமல் கடந்துவிடுவோம். லுவோவ்ஸ்கா தெருவில் எஞ்சியிருக்கும் கெட்டோ மதில் துண்டின் முன் சற்று நில்லுங்கள். அதன் மேல்விளிம்பை யூதக் கல்லறைக் கற்களின் வளைவிலேயே கட்டியிருக்கிறார்கள். உள்ளே இருந்தவர்கள் தினமும் அதைப் பார்த்தபடிதான் வாழ்ந்தார்கள். எத்தனை கொடூரம்!

பக்கத்துச் சதுக்கத்தில் ததேயுஷ் பான்கியேவிச்சின் மருந்துக்கடை இருக்கிறது, இப்போது அருங்காட்சியகமாக. யூதரல்லாத அவர், கெட்டோவுக்குள்ளேயே கடையை நடத்தி உள்ளிருந்தவர்களுக்கு உதவினார். தன் யூதத் தொழிலாளர்களைக் காப்பாற்றிய ஓஸ்கர் ஷிண்ட்லரின் தொழிற்சாலைக்கு முன்பதிவு செய்துகொள்ளுங்கள். நேரம் போதாவிட்டால் அதைக்கூட விட்டுவிடலாம், இந்த மருந்துக்கடையை விடாதீர்கள்.